அம்மாவின் நோர்வேக்காரி

அவள் என்னோடு முதன்முதலாகப் பேசியதே தமிழில்தான்.

மொன்றியல் டவுன்டவுனில், பல்கலைக்கழகத்துக்குப் பின்வீதியில் இருந்த ஒரு கோப்பிக்கடையில் நான் வேலை செய்துகொண்டிருந்தேன். இரண்டாயிரம் பிறந்து சில ஆண்டுகளே ஆகியிருந்தன. அந்த வாரம் புதிதாக ஒரு வெள்ளைக்காரப் பெண் வேலைக்குச் சேர்ந்திருந்தாள். வெளிறிய தலைமுடி, மூக்கைச் சுற்றி மண்ணிறப் புள்ளிகள், நல்ல உயரம். பிரெஞ்சு அவ்வளவாக வராது. பேசாமல் கோப்பைகளைக் கழுவி அடுக்கிக்கொண்டிருப்பாள். நான் சுவரோரத் தொலைபேசியில் அம்மாவோடு கதைத்துக்கொண்டிருந்தேன். வரும்போது வெங்காயம் வாங்கிவரச் சொன்னார் அம்மா.

"ஓம் அம்மா, வாங்கிக்கொண்டு வாறன்" என்று சொல்லித் தொலைபேசியை வைத்தேன்.

"நீங்கள் யாழ்ப்பாணமோ?" என்று பின்னால் ஒரு குரல்.

திரும்பினேன். அவளைத் தவிர அங்கே ஒருவரும் இல்லை. கையில் சவர்க்கார நுரையோடு சிரித்துக்கொண்டு நின்றாள்.

"என்ர ஊரிலயும் இப்பிடித்தான் கதைப்பினம்."

"எந்த ஊர்?"

"நோர்வே. வடக்கு. மேல, சரியான மேல" என்று ஈரக் கையைத் தலைக்கு மேலே தூக்கிக் காட்டினாள்.

மதிய இடைவேளைகளில் கொஞ்சம் கொஞ்சமாகத் தன் கதையைச் சொன்னாள். நோர்வேயின் வட முனையில், மீன் தொழிற்சாலை ஒன்றை நம்பி வாழ்ந்த சின்ன ஊர் அவளுடையது. தாய் அந்தத் தொழிற்சாலையில் மீன் வெட்டினாள். தகப்பன் படகோடு போய், பிறகு வேறொரு ஊரில் வேறொரு குடும்பத்தோடு தங்கிவிட்டான். எண்பதுகளிலேயே நம்மவர்கள் அங்கே வேலைக்குப் போய்ச் சேர்ந்திருந்தார்கள். தாய்க்குப் பக்கத்தில் நின்று மீன் வெட்டிய யாழ்ப்பாணத்துப் பெண்ணை இவள் "அன்ரி" என்றே சொன்னாள். பள்ளிக்கூடம் விட்டதும் அன்ரி வீட்டுக்குத்தான் போவாள். சூரியன் எழும்பாத மாதங்களில் அந்த வீட்டில்தான் வெளிச்சமும் சத்தமும் இருந்தன. அன்ரியின் பிள்ளைகளோடு உருண்டு புரண்டு தமிழ் படித்தாள். அன்ரி தன் கடைக்குட்டியைத் தொட்டிலில் ஆட்டிப் பாடும்போது பக்கத்தில் படுத்துக் கேட்டுப் பாட்டும் படித்தாள். பிறகு தொழிற்சாலையில் வேலை குறைந்தது. அன்ரி குடும்பம் தெற்கே ஒஸ்லோவுக்கு இடம்பெயர்ந்தது.

"அவை போன அண்டைக்கு நான் சாப்பிடேல்லை" என்றாள். "அம்மா நினைச்சா எனக்குக் காய்ச்சல் எண்டு."

அதற்குப் பிறகுதான் அவள் பாடகியானாள். பாட்டுப் போட்டி ஒன்றில் வென்று, பதினேழு வயதில் ஒஸ்லோவுக்குப் போனாள். ஒரு இசைக் கம்பனி அவளுக்குப் புதிய தலை அலங்காரமும் புதிய உடுப்பும் போட்டு ஒரு பாட்டைப் பாட வைத்தது. அந்தக் கோடை முழுக்க நோர்வேயின் வானொலிகளில் அந்தப் பாட்டுத்தானாம். கடைக்குப் போனால் ஆட்கள் கையெழுத்துக் கேட்பார்களாம். அடுத்து வந்த இசைத்தட்டை ஒருவரும் வாங்கவில்லை. கம்பனி தொலைபேசி எடுப்பதை நிறுத்திவிட்டது. தன்னை ஒருவருக்கும் தெரியாத ஊர் ஒன்று வேண்டும் என்று மொன்றியலுக்கு வந்துவிட்டாள்.

"அந்தப் பாட்டை ஒருக்காப் பாடு, கேப்பம்" என்றேன்.

"மாட்டன். அது என்ர பாட்டில்லை. என்ர வாயால வந்த அவையின்ர பாட்டு."

அவள் அதைத் தோல்விக் கதையாகத்தான் சொன்னாள். எனக்கு மட்டும் அது அப்படிக் கேட்கவில்லை. ஒரு கோடை முழுக்க ஒரு நாடே அவள் பாட்டைக் கேட்டிருக்கிறது. என் பதினேழாவது வயதில் நான் சனிக்கிழமைகளில் ஒரு கட்டடத்தின் நிலவறையில், சுருதிப் பெட்டிக்கு முன்னால் சப்பாணி கட்டி உட்கார்ந்து, ஒரே வர்ணத்தைத் திரும்பத் திரும்பப் பாடிக்கொண்டிருந்தேன். பனிச் சப்பாத்துக்களின் ஈர மணம் அறை முழுக்க இருக்கும். அந்த நிலவறையைத் தாண்டி என் குரல் போனது கல்யாண வீடுகளுக்கும் பிறந்தநாள் விழாக்களுக்கும்தான். எங்கள் இசைக்குழுவை நடத்தியவர் பகலில் டாக்சி ஓட்டும் ஒரு அண்ணை. கீபோர்ட் அவருடையது, வாகனம் அவருடையது, மேடையில் என்ன பாடுவது என்ற முடிவும் அவருடையது. நான் அந்தக் குழுவின் பாடகி. அப்போது வரைக்கும் ஒரே பாடகி.

அவளை ஒரு ஞாயிற்றுக்கிழமை லாசாலில் இருந்த எங்கள் அப்பார்ட்மென்டுக்குக் கூட்டிப் போனேன். தமிழ் கதைக்கும் வெள்ளைக்காரியை அம்மாவுக்குக் காட்ட வேண்டும் என்ற ஆசைதான். அப்பா ஊரிலேயே இறந்துபோய்விட்டார். மாமா ஸ்பொன்சர் செய்து அம்மாவும் நானும் இங்கே வந்தவர்கள். எங்கள் வீட்டுக்கு விருந்தாளி வருவதே அபூர்வம்.

அம்மா கதவைத் திறந்ததும் அவள் குனிந்து சப்பாத்தைக் கழற்றி ஓரமாக வைத்தாள். நிமிர்ந்து, "சுகமா இருக்கிறியளோ?" என்றாள். அம்மா என்னைப் பார்த்தார். அவளைப் பார்த்தார். சிரிக்கத் தொடங்கியவர் நிறுத்தவில்லை.

அம்மா ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் அப்பம் சுடுவார். நடுவில் பால் விட்ட அப்பத்தை அவள் ஓரத்திலிருந்து பிய்த்து, கட்டைச் சம்பலில் தொட்டு, விரல் நுனி மட்டும் படச் சாப்பிட்டாள். அம்மா அடுப்படியில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். மொறுமொறுப்பாக வந்த அப்பமெல்லாம் அவள் தட்டுக்குப் போனது. சற்றுத் தடித்துப்போனவை எனக்கு வந்தன.

"நான் உங்களை அம்மா எண்டு கூப்பிடட்டோ? அன்ரி எண்டால் எனக்கு அந்த அன்ரியின்ர ஞாபகம் வரும்" என்று கேட்டாள்.

"கூப்பிடு மோனை, அதுக்கென்ன" என்றார் அம்மா.

என்னை ஒருவரும் கேட்கவில்லை.

சாப்பிட்டு முடிந்ததும் அன்ரியின் தாலாட்டைப் பாடிக் காட்டினாள். தாளமெல்லாம் இல்லை. ழகரம் எல்லாம் லகரமாக வந்தது. சொற்கள் சில இடங்களில் வெறும் சத்தங்களாகிவிட்டன. ஆனால் அந்தக் குரல், எப்படிச் சொல்வது, முன்னால் இருப்பவரின் தோளில் கை போடுவது போல வந்தது. அம்மா சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தார். என் பாட்டுக்கு அம்மா ஒருநாளும் கண்ணைத் துடைத்ததில்லை. நான் மேடையிலிருந்து இறங்கி வந்தால், எந்த வரியில் சுருதி நழுவியது, எங்கே மூச்சு வாங்கியது சத்தமாகக் கேட்டது என்றுதான் சொல்வார். அம்மாவின் காது அப்படி. அந்தக் காதுக்கு அன்று என்ன நடந்தது என்று எனக்குத் தெரியவில்லை.

அவள் போன பிறகு கேட்டேன். "சுருதியே இல்லையே அம்மா, கவனிக்கேல்லையோ?"

"சுருதி கிடக்கட்டும்" என்றார் அம்மா. "பாவம், வடிவாப் பாடுறாள்."



அதற்குப் பிறகு ஞாயிற்றுக்கிழமைகள் அவளுடையவை ஆகின. நான் இல்லாத நேரத்திலும் பஸ் பிடித்து வந்துவிடுவாள். நான் வேலை முடிந்து மெட்ரோவும் பஸ்ஸும் மாறி வீடு வந்தால், இருவரும் சோபாவில் கால் நீட்டி உட்கார்ந்து தமிழ் நாடகம் பார்த்துக்கொண்டிருப்பார்கள். கதையில் யார் யாருக்கு மச்சாள் என்று அம்மா விளக்கிக்கொண்டிருப்பார். எனக்கு அம்மா எதையும் அவ்வளவு பொறுமையாக விளக்கியதில்லை.

அவளை மேடையில் ஏற்றியவர் கீபோர்ட் அண்ணை. புரோசார்டில் ஒரு மண்டபத்தில் கல்யாண வரவேற்பு. அவளையும் வரச் சொல்லியிருந்தேன். அம்மாவின் சேலை ஒன்றை உடுத்திக்கொண்டு வந்தாள். நான் அன்று நன்றாகப் பாடினேன். எனக்கே தெரியும். இரண்டு மாதம் எங்கள் கட்டடத்தின் உடுப்புத் துவைக்கும் அறையில், மெஷின்களின் சத்தத்துக்கு மேலாகப் பாடிப் பழகிய பாட்டு அது. முடித்தபோது முன்வரிசையில் சிலர் கை தட்டினார்கள். மற்றவர்கள் சாப்பாட்டு வரிசையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அது வழக்கம். நானும் அதைக் குறையாக நினைத்தவள் இல்லை.

இடையில் அண்ணை மைக்கைப் பிடித்தார். "நோர்வேயிலிருந்து வந்திருக்கிற ஒரு தங்கச்சி உங்களுக்காக ஒரு தமிழ்ப் பாட்டுப் பாடப் போறா" என்றார். என்னிடம் ஒரு சொல் சொல்லவில்லை.

அவள் மேடையேறி, "எல்லாருக்கும் வணக்கம். பிழை விட்டால் ஏசாதேங்கோ" என்றாள். மண்டபமே எழுந்துவிட்டது. சாப்பாட்டு வரிசை கலைந்தது. தட்டோடு நின்றவர்கள் தட்டோடு ஓடி வந்தார்கள். வீடியோக்காரர் மணமக்களை விட்டுவிட்டு அவள் பக்கம் திரும்பினார். அதே தாலாட்டுத்தான். அதே ழகரப் பிழைதான். ஒவ்வொரு பிழைக்கும் சனம் இன்னும் உருகியது. ஒரு ஐயா தன் மோதிரத்தையே கழற்றிக் கொடுக்கப் போனார். பெண்டாட்டி கையைப் பிடித்து இழுத்து இருத்தினார். நான் மேடையின் ஓரத்தில் மைக்கோடு நின்றேன். கை தட்டினேனா என்று ஞாபகமில்லை. என் முகத்தில் ஒரு சிரிப்பை வைத்துக்கொண்டு நின்றது மட்டும் ஞாபகம் இருக்கிறது. கன்னம் நொந்தது.

அடுத்த வாரம் அண்ணையை அழைத்தவர்களில் பாதிப்பேர், "அந்த வெள்ளைப் பிள்ளை வருமோ?" என்று கேட்டார்களாம்.

"நீ ஒண்டும் யோசியாதை" என்றார் அண்ணை என்னிடம். "உது புதினம் பாக்கிற சனம். பாட்டுக்காரி நீதான்."

நல்ல மனதோடுதான் சொன்னார். ஆனால் புதினம் என்ற சொல்லை நான் பிடித்துக்கொண்டேன். வெள்ளைத் தோல் தமிழ் பாடினால் அதிசயப் புதினம், நாங்கள் பாடினால் கடமை என்று எனக்குள் சொல்லிச் சொல்லி ஆறப் பார்த்தேன். அது உண்மையும்தான். இருந்தாலும் ஆறவில்லை. கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும் அந்தக் குரலை நான் விட்டுவிட்டுப் போக மாட்டேன் என்பது எனக்குத் தெரிந்திருந்தது.

அவள் ஏதாவது பிழை செய்திருந்தால் எனக்கு எவ்வளவு சுலபமாக இருந்திருக்கும்! என் இடத்தைப் பறிக்கப் பார்த்திருக்கலாம். என்னைப் பற்றி யாரிடமாவது குறை சொல்லியிருக்கலாம். அவளோ கல்யாண வீடுகளுக்குத் தனியாகக் கூப்பிட்டவர்களிடமெல்லாம், "அக்கா பாடினால்தான் வருவன்" என்றாள். எனக்குக் கிடைத்த மேடைகள் அவள் தயவில் கிடைத்தவையாக மாறின. நான் வேலை அதிகம் என்று சாட்டுச் சொல்லி மெல்ல மெல்ல குழுவிலிருந்து விலகிவிட்டேன். கோப்பிக்கடையையும் விட்டேன். குழந்தைகளைப் பார்க்கும் படிப்புப் படித்து, லாசாலிலேயே கார்டரி என்கிற பிள்ளைகள் காப்பகம் ஒன்றில் வேலைக்குச் சேர்ந்தேன். அங்கே மூன்று வயதுப் பிள்ளைகளுக்குப் பிரெஞ்சுப் பாட்டுப் பாடினேன். அவர்கள் மூக்கைக் குடைந்துகொண்டு கேட்டார்கள்.

மொன்றியலில் அவள் வீணாகக் காலம் கழிக்கவில்லை. கிற்றார் வாசிக்கும் கியூபெக்காரர் ஒருவரோடு சேர்ந்து தானே பாட்டுக்கள் எழுதினாள். தன் ஊரைப் பற்றி, மீன் மணக்கும் தாயின் கைகளைப் பற்றி, ஒரு வீடு காலியான நாளைப் பற்றி, தன் மொழியில். ஒருநாள் எங்கள் சமையலறை மேசையில் இருந்து அவற்றில் ஒன்றைப் பாடினாள். அம்மாவுக்கும் எனக்கும் ஒரு சொல்கூட விளங்கவில்லை. அம்மா வெங்காயம் உரிப்பதை நிறுத்திவிட்டுக் கேட்டார். பாட்டு முடிந்ததும், "உது அந்த அன்ரியைப் பற்றினதோ?" என்றார். அவள் அம்மாவின் கழுத்தைக் கட்டிக்கொண்டாள்.

நான் பிரிட்ஜைத் திறந்து, எதை எடுக்க வந்தேன் என்று தெரியாமல், அதற்குள்ளேயே பார்த்துக்கொண்டு நின்றேன்.

அவள் அந்தப் பாட்டுக்களோடு நோர்வேக்குத் திரும்பினாள். விமான நிலையத்தில் அம்மா அழுதார். ஒரு வருடம் போகவில்லை, ஒஸ்லோவிலிருந்த எங்கள் உறவினர் ஒருவர் தொலைபேசியில் அம்மாவிடம், "உங்கட வீட்டில நிண்ட பிள்ளைதான் இஞ்ச எல்லா இடமும்" என்றார். சீடி ஒன்றை அனுப்பி வைத்தார். அட்டைப்படத்தில் அவள் அலங்காரம் எதுவும் இல்லாமல், காற்றில் முடி பறக்க ஒரு துறைமுகத்தில் நின்றாள். அம்மா அதைச் சாமிப் படத்தட்டுக்குக் கீழே வைத்தார். இணையத்தில் வீடியோக்கள் வரத் தொடங்கியதும் அவள் பாடுவதை நானும் பார்த்தேன். அம்மாவுக்குப் போட்டுக் காட்டுவதற்காகத்தான் என்று சொல்லிக்கொள்வேன். அம்மா தூங்கிய பிறகும் பார்ப்பேன். சுவீடன், டென்மார்க், ஜெர்மனி என்று மேடைகள் பெருத்துக்கொண்டே போயின. ஆயிரக்கணக்கான ஆட்கள் அவளோடு சேர்ந்து பாடினார்கள். நான் அவளின் மூச்சைக் கவனிப்பேன். எங்கே நழுவுகிறாள் என்று தேடுவேன். நழுவினால் வீடியோவைப் பின்னால் இழுத்து இன்னொரு தரம் கேட்பேன்.

மாதத்தில் ஒருமுறையாவது தொலைபேசி எடுப்பாள். அம்மாவோடு கதைப்பாள். கடைசியில், "அக்காட்டைக் குடுங்கோ" என்பாள். "பாடுறியளோ அக்கா?" என்று ஒவ்வொரு முறையும் கேட்பாள். "எங்க நேரம்?" என்பேன்.

அந்தப் பத்தாண்டின் கடைசிப் பக்கம், ஒரு கோடையில், மொன்றியலில் திறந்தவெளிக் கச்சேரி ஒன்றுக்கு அவள் வருவதாக இருந்தது. அம்மா ஒரு மாதத்துக்கு முன்பே பலகாரம் சுடத் தொடங்கினார். கச்சேரிக்கு முதல்நாள் ஒத்திகையில் அவளுக்குக் குரல் வரவில்லை. பாதி வரியில் கதவை அறைந்து சாத்தியதுபோல நின்றுவிட்டதாம். வைத்தியர் பார்த்துவிட்டு, குரல்நாணில் கட்டி இருக்கிறது, பல வாரங்களுக்கு ஒரு சொல்லும் பேசக்கூடாது, கிசுகிசுக்கவும் கூடாது, பிறகு தேவைப்பட்டால் சத்திரசிகிச்சை என்று சொல்லியிருக்கிறார். கச்சேரிகள் எல்லாம் நின்றன. அவளுடைய மேனேஜர்தான் எங்கள் வீட்டுக்குத் தொலைபேசி எடுத்துச் சொன்னார்.

கேட்டவுடன் எனக்கு நெஞ்சுக்குள் ஏதோ இளகியது. துக்கம் என்று அதைச் சொல்ல முடியாது. நெடுநாளாக இறுக்கிப் பிடித்திருந்த கையைத் திறந்தது போல இருந்தது.

அம்மா அதற்குள் செருப்பைக் கொழுவிவிட்டார். "பிள்ளை ஹோட்டலில தனியக் கிடக்குது. டாக்சிக்கு அடி."

"அவள் நோர்வேக்குப் போயிடுவாள் அம்மா."

"அங்க போனால் பேப்பர்காரன் கமராவோட நிப்பான். ஆர் அவளுக்குக் கஞ்சி வைச்சுக் குடுக்கிறது?"

அப்படித்தான் ஒரு நோர்வே நட்சத்திரம் லாசாலில், என் அறைத் தரையில், ஒரு மெத்தையில் வந்து படுத்தாள். நான் காலையில் கார்டரிக்குப் போகும்போது அவள் சுருண்டு படுத்திருப்பாள். மாலையில் வந்தால் அம்மா மல்லிக் கோப்பியும் கையுமாக அவளிடம் கதைத்துக்கொண்டிருப்பார். அவள் தலையை ஆட்டுவாள், கண்ணை உருட்டுவாள், கையால் பதில் சொல்வாள். அம்மா தன் வாழ்நாளில் அவ்வளவு கதைத்து நான் கேட்டதில்லை. அப்பாவைக் கல்யாணம் கட்டிய கதை, சாவகச்சேரிச் சந்தையில் தொலைந்து போன கதை, எனக்கே தெரியாத கதைகள். வாயே திறக்காமல் அவள் அதையெல்லாம் அம்மாவிடமிருந்து எடுத்துவிட்டாள். நான் உடுப்பு மாற்றுவதுபோல அறைக்குள் நின்று, கதவிடுக்கால் கேட்டுக்கொண்டிருப்பேன்.

அந்த நாட்களில்தான் கீபோர்ட் அண்ணை தொலைபேசி எடுத்தார். குழுவில் இப்போது பாடுகிற பிள்ளைக்குச் சுகமில்லை, சனிக்கிழமை கல்யாணம், வேறு ஆளில்லை.

"நான் பாடிக் கனகாலம் அண்ணை."

"தெரியும். அதுதான் கேக்கிறன். வாறியோ?"

ஓம் என்று எப்படிச் சொன்னேன் என்று தெரியவில்லை. அவளால் பாட முடியாத ஒரு சனிக்கிழமை என்பதும் ஒரு காரணம் என்றுதான் இப்போது நினைக்கிறேன்.

முன் அறையில் பாடிப் பார்த்தேன். அவள் தரையில் கால்களைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். அம்மா அடுப்படியில் நின்றார். முதல் பாட்டில் தொண்டை கட்டையாக இருந்தது. இரண்டாவதில் பழைய குரல் வந்தது. அவள் முழங்காலில் தாளம் போட்டாள். அவள் கேட்பதை அன்றுதான் சரியாகப் பார்த்தேன். சத்தம் வரும் பக்கம் முழு உடம்பையும் கொடுத்துவிடுவாள். எனக்கு அப்படி யாரையும் கேட்கத் தெரியாது. நான் பிழை பிடிக்கத்தான் கேட்பேன்.

பாதிப் பாட்டில் கையைத் தூக்கி நிறுத்தச் சொன்னாள்.

"என்ன? பிழையோ?"

இல்லை என்று தலையாட்டினாள். எழுந்து வந்தாள். இரண்டு விரலால் என் கண்களைக் காட்டினாள், பிறகு எதிர்ச் சுவரில் தொங்கிய கலண்டரைக் காட்டினாள். நான் கலண்டரைப் பார்த்துப் பாடிக்கொண்டிருக்கிறேனாம். மேடைகளிலும் அப்படித்தான் பாடியிருக்கிறேன் என்று அப்போது நினைவு வந்தது. ஆட்களின் தலைக்கு மேலே, மண்டபத்துப் பின்சுவரைப் பார்த்து. முன்வரிசையில் அம்மா இருப்பார். அம்மாவின் புருவம் எப்போது சுருங்கும் என்ற பயம்.

அவள் என் தாடையைப் பிடித்து அம்மா நின்ற பக்கம் திருப்பிவிட்டாள்.

எனக்குக் கோபம்தான் வந்தது. என் வீட்டில், என் அம்மாவை எனக்குக் காட்டித் தர இவள் யார் என்றிருந்தது. அந்தக் கோபத்தோடேயே அம்மாவின் முகத்தைப் பார்த்துப் பாடினேன். அம்மாவின் புருவம் அசையவில்லை. அவர்தான் முதலில் கண்ணைத் திருப்பினார். அடுப்பை நிறுத்தினார். கையைத் துடைத்துக்கொண்டு வந்து கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். அடுத்த பாட்டையும் அதற்கடுத்த பாட்டையும் அப்படியே இருந்து கேட்டார். சோறு அரைவேக்காட்டில் கிடந்தது.

சனிக்கிழமை அவளும் வந்தாள். கழுத்தைச் சுற்றி ஒரு சால்வை, கடைசி வரிசைக் கதிரை. மண்டபத்தில் யாரோ அடையாளம் கண்டுவிட்டார்கள். நான் பாடத் தொடங்கியபோது சனம் பின்பக்கமாகத் திரும்பி அவளைச் சூழ்ந்துகொண்டிருந்தது. கமராக்கள் மின்னின. அவளுக்குக் குரலே இல்லை. ஒரு சொல் பேச முடியாது. அப்படியிருந்தும் மண்டபம் அவளிடம் போய்விட்டது. மைக்கை வைத்துவிட்டு இறங்கிவிடலாம் போல இருந்தது.

அவள் எழுந்து நின்றாள். வாயில் விரலை வைத்தாள். பிறகு கையை நீட்டி மேடையைக் காட்டினாள். சிலர் சிரித்தார்கள், சிலர் திரும்பினார்கள். அவள் ஒவ்வொருவராகத் தோளைப் பிடித்து இருத்தினாள். மண்டபம் அடங்கியது. அவள் சொன்னதால்தான் என்னைக் கேட்கிறார்கள் என்பது எனக்கு முள்ளாகக் குத்தியது. முன்வரிசையில் அம்மா இருந்தார். நான் அவரைப் பார்த்துப் பாடினேன். முடிவில் பலத்த கைதட்டல் எழுந்தது. அதில் எவ்வளவு எனக்கு, எவ்வளவு அவளுக்கு என்று பிரித்துப் பார்க்க முடியவில்லை. இறங்கி வந்தபோது அம்மா தண்ணீர்ப் போத்தலை நீட்டினார். "தொண்டை காஞ்சிருக்கும்" என்றார். குறை ஏதும் சொல்லவில்லை.

"நெடுக வா" என்றார் அண்ணை, வயர்களைச் சுருட்டிக்கொண்டே. போனேன். இன்றைக்கும் போகிறேன். வார நாட்களில் கார்டரி, சனிக்கிழமைகளில் மண்டபம்.

அவளுக்கு ஓய்வு போதவில்லை. ஒஸ்லோவுக்குப் போய்ச் சத்திரசிகிச்சை செய்துகொண்டாள். கட்டி போய்விட்டது. உச்சியில் இருந்த சுரங்களும் அதோடு போய்விட்டன. பெரிய மேடைகள் குறைந்தன. பிறகு தன் வடக்கு ஊருக்கே திரும்பி, பிள்ளைகளுக்குப் பாட்டுச் சொல்லிக் கொடுத்துக்கொண்டு, சின்ன அரங்குகளில் தாழ்ந்த குரலில் பாடினாள். அதற்கும் ஆட்கள் இருந்தார்கள்.

சத்திரசிகிச்சைக்குப் பிறகு அவள் பேசத் தொடங்கிய வாரத்தில், ஒரு மத்தியானம் தொலைபேசி வந்தது. அம்மா பாய்ந்து எடுத்தார். "மோனை! மோனை!" என்றார். நான் பக்கத்தில் போய்க் கையை நீட்டினேன். அம்மா முதுகைக் காட்டித் திரும்பிக்கொண்டார். கஞ்சி குடித்தாயா, குளிரில் திரிந்தாயா, தாய் வந்து பார்த்தாளா என்று விசாரணை நீண்டது. எனக்குப் பொறுக்கவில்லை. அறைக்குள் இருந்த மற்றத் தொலைபேசியைச் சத்தமில்லாமல் எடுத்துக் காதில் வைத்தேன்.

உமி கலந்த மாதிரி ஒரு குரல். அவளுடையது என்று முதலில் தெரியவில்லை.

"அக்கா லைனிலயோ? மூச்சுக் கேக்குது" என்றது அந்தக் குரல்.

"ஓம்" என்றேன், கள்ளத்தனம் பிடிபட்ட குரலில்.

"அம்மா, நீங்கள் வையுங்கோ. எனக்கு அக்காவோட கதைக்கோணும்."

"ஏன், நான் கேட்டால் என்ன?" என்றார் அம்மா.

"பாட்டு விசயம் அம்மா. பேந்து உங்களோட கதைக்கிறன்."

அந்தப் பக்கம் தொலைபேசி வைக்கப்பட்ட சத்தம் கொஞ்சம் பலமாகத்தான் கேட்டது.

போன சனிக்கிழமை என்ன பாடினேன் என்று கேட்டாள். சொன்னேன். பாடச் சொன்னாள். கட்டில் ஓரத்தில் இருந்து பாடினேன். இரண்டாம் வரியில் அவளும் சேர்ந்தாள், எனக்கு வெகு கீழே, உடைந்து உடைந்து, தான் எங்கே நிற்க முடியும் என்று தடவிப் பார்ப்பதுபோல. பல இடங்களில் வெறும் காற்றுத்தான் வந்தது. இருந்தும் அந்தக் குரல் நன்றாக இருந்தது. எனக்கு எரிச்சலாகவே இருந்தது, அவ்வளவு நன்றாக இருந்தது. நான் நிறுத்தாமல் பாடினேன்.

வெளியே சமையலறையில் அம்மா அலுமாரிக் கதவுகளைப் படார் படார் என்று சாத்திக்கொண்டிருந்தார். அன்று மாலை முழுக்க என்னோடு அவர் கதைக்கவில்லை.